குடக்கூலியும் கோர்ட்டும்

என் தந்தையார் விட்டுச் சென்ற தகரப் பெட்டியில் நிலப் பத்திரம் இல்லை, நகையும் இல்லை. மஞ்சள் துணியில் சுற்றி நூலால் கட்டிய மணியார்டர் பாரங்கள் சில இருந்தன. ஒவ்வொன்றிலும் தொகை 28 ரூபாய். ஒவ்வொன்றின் மீதும், பெற வேண்டியவர் வாங்க மறுத்துவிட்டார் என்று எழுதித் தபால்காரர் திருப்பியிருந்தார். தேதிகள் யாவும் 1969-ஆம் ஆண்டைச் சேர்ந்தவை. பணம் தேடி வரும்போது ஒருவர் வேண்டாம் என்பானேன்? வேண்டாமென்று திரும்பி வந்த பணத்தின் சீட்டை மற்றொருவர் சாகும்வரை பத்திரமாகக் கட்டி வைப்பானேன்?

மாணவர்களே, இவ்விரு வினாக்களுக்கும் விடை கூற வேண்டுமாயின், நம் வரலாற்றுப் பாடநூல்களில் இடம் பெறாத ஒரு சட்டத்தின் கதையை நான் கூற வேண்டும். வீடு என்பது ஒருவருடைய சொத்து. அதே வீடு மற்றொருவர் குடியிருக்கும் இடம். இந்த இருவரும் ஒரே ஆளாக இல்லாதபோது, "வீட்டைக் காலி செய்" என்னும் சொல்லுக்கு எவ்வளவு வலிமை உண்டு என்பதே அந்தக் கதை.

அக்காலத்தில் சென்னையில் வீட்டு வாடகையைக் குடக்கூலி என்றே வழங்குவர். குடக்கூலிக்கு விட்டவரும் எடுத்தவரும் பெரும்பாலும் எழுத்து மூலமாக ஒன்றும் செய்துகொள்வதில்லை. மாதா மாதம் கொடுப்பார். மாதா மாதம் இருப்பார். இத்தகைய ஏற்பாட்டை முடித்துக்கொள்ளும் விதத்தை 1882-ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றுச் சட்டம் 106-ஆவது பிரிவில் வகுத்தது. மாதக் குடித்தனத்தை முடிக்க 15 நாள் அறிவிப்புப் போதும். அந்த அறிவிப்பு, குடித்தன மாதம் முடியும் நாளோடு முடிய வேண்டும். அவ்வளவுதான். ஏன் காலி செய்யச் சொல்கிறார் என்று வீட்டுக்காரரைக் கேட்கச் சட்டத்தில் இடமில்லை. குடக்கூலியை ஒரு நாளும் தவறாமல் கொடுத்தவருக்கும், ஆறு மாதம் பாக்கி வைத்தவருக்கும் அதே 15 நாள்தான்.

இதனால், அந்நாளில் வீட்டுக்காரர் தாமே பூட்டை உடைத்து ஆளை வெளியே தள்ளலாம் என்று எண்ணிவிடக் கூடாது. அறிவிப்புக் காலம் முடிந்த பின்னும் குடியிருப்பவர் எழுந்து போகாவிட்டால், வீட்டுக்காரர் வழக்குத் தொடுத்துத் தீர்ப்புப் பெற்று, கோர்ட்டு அமீனாவின் வழியாகவே வீட்டைப் பெற வேண்டும். வலிந்து வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதத்துக்குள் வழக்கிட்டு, சொத்து யாருடையது என்ற ஆராய்ச்சியே இன்றி, தாம் இருந்த இடத்தைத் திரும்பப் பெறலாம் என்று 1877-ஆம் ஆண்டின் குறித்தவகை நிவாரணச் சட்டம் கூறிற்று. குடித்தனக் காலம் முடிந்திருந்தாலும் வீட்டுக்காரருக்குப் பலாத்கார உரிமை கிடையாது என்பதைப் பின்னர் உச்ச நீதிமன்றம் ஐயத்துக்கிடமின்றி உறுதி செய்தது.

சென்னை நகரிலோ இன்னொரு விரைவான வழியும் இருந்தது. 1882-ஆம் ஆண்டின் மாகாணத் தலைநகரச் சிறு வழக்கு நீதிமன்றச் சட்டப்படி வீட்டுக்காரர் மனுக் கொடுத்தால், குடியிருப்பவரை அழைத்து, நீ ஏன் காலி செய்யக் கூடாது என்று அந்நீதிமன்றம் சுருக்கமாக விசாரிக்கும். குடக்கூலி பாக்கிக்காகச் சாமான்களை ஜப்தி செய்யவும் அச்சட்டம் வழி வைத்திருந்தது. சூரிய உதயத்துக்குப் பின்னரும் அஸ்தமனத்துக்கு முன்னருமே ஜப்தி செய்யலாம். அவசியமான உடைகளை எடுக்கலாகாது என்ற நிபந்தனைகள் உண்டு. கட்டிய துணியோடு விடுவது அன்றைய சட்டத்தின் இரக்கம்.

ஆகவே முறை இருந்தது; விசாரணையும் இருந்தது. இல்லாதிருந்தது ஒன்றே ஒன்று: காரணம் கேட்பது. அதைக் கேட்கும் சட்டம் பிறந்த இடத்தைக் காணக் கடல் கடந்து ஸ்காட்லாந்து நாட்டின் கிளாஸ்கோ நகருக்குச் செல்ல வேண்டும். நம் நாட்டு மாகாணச் சட்டங்களுக்கு முன்மாதிரி அங்கிருந்துதான் வந்தது.

1914-இல் முதல் உலகப் போர் மூண்டது. கப்பல் கட்டும் தொழிலுக்கும் வெடிமருந்து, தளவாடத் தொழில்களுக்கும் கிளாஸ்கோ பேர் பெற்ற ஊர். வேலை தேடி ஆயிரக்கணக்கானோர் வந்து குவிந்தனர். வீடுகளோ பெருகவில்லை. நாலைந்து மாடிக் கற்கட்டடங்களில் ஒன்றிரண்டு அறைகளே ஒரு குடும்பத்துக்கு. வீட்டுக்காரர்கள் குடக்கூலியை உயர்த்தினர். கொடுக்க இயலாதவர்களுக்கு வெளியேற்ற உத்தரவு வாங்கினர். வீட்டு ஆண்மக்களிற் பலர் பிரான்சு நாட்டுப் போர்க்களத்தில் இருந்தனர். வீட்டில் இருந்தவர்கள் பெண்கள்.

அப்பெண்கள் செய்தது வியப்புக்குரியது. கோவன் என்னும் பகுதியில் மேரி பார்பர் என்ற தொழிலாளியின் மனைவி அவர்களைத் திரட்டினார். உயர்த்திய தொகையைக் கொடுப்பதில்லை, பழைய குடக்கூலியையே கொடுப்போம் என்று தெருத் தெருவாக உறுதி செய்துகொண்டனர். ஒவ்வொரு கட்டடத்திலும் ஒரு பெண் கையில் மணியோடு காவல் இருப்பாள். வெளியேற்ற உத்தரவோடு கோர்ட்டுச் சேவகர் தெருவில் நுழைந்தால் மணி ஒலிக்கும். சமையல் செய்பவள் சமையலையும், துணி துவைப்பவள் துவைப்பையும் விட்டு ஓடி வருவாள். கையிலிருக்கும் மாவோ ஈரத் துணியோ சேவகர் மீது விழும். படிக்கட்டு முழுவதும் பெண்கள் நின்றுவிட்டால் ஒரு நாற்காலியைக் கூட வெளியே எடுக்க முடியாது. 1915-ஆம் ஆண்டு இறுதியில் ஏறத்தாழ 20,000 குடும்பங்கள் இந்த மறுப்பில் சேர்ந்திருந்தன என்பர்.

அவ்வாண்டு நவம்பர் 17-ஆம் நாள், குடக்கூலி பாக்கிக்காக 18 தொழிலாளர்கள் கோர்ட்டுக்கு அழைக்கப்பட்டனர். தளவாடத் தொழிற்சாலைகளில் வேலை செய்தவர்கள் கருவிகளைக் கீழே வைத்துவிட்டு ஊர்வலமாக வந்தனர். பெண்களும் குழந்தைகளும் உடன் வந்தனர். கோர்ட்டைச் சுற்றிய தெருக்கள் நிறைந்தன. உள்ளே நீதிபதி, வெளியே ஆயிரக்கணக்கானோர். போருக்கு வேண்டிய குண்டுகள் உருவாகும் நகரில் வேலை நின்றுவிட்டால் என்ன ஆகும்? செய்தி இலண்டனுக்கு, தளவாட அமைச்சராயிருந்த லாயிட் ஜார்ஜிடம் பறந்தது. வழக்குகள் கைவிடப்பட்டன. ஒரு வாரத்துக்கெல்லாம் பார்லிமெண்டில் மசோதா வந்து, டிசம்பர் மாதமே சட்டமாயிற்று.

அந்த 1915-ஆம் ஆண்டுச் சட்டம் சிறு வீடுகளின் குடக்கூலியைப் போர் தொடங்கிய 1914 ஆகஸ்டு மாத அளவிலேயே நிறுத்தியது. இது பலரும் அறிந்த செய்தி. அதைவிட முக்கியமானது, பலர் கவனியாத மற்றொரு விதி. உரிய குடக்கூலியைச் செலுத்தி வரும் குடித்தனக்காரரை வெளியேற்றக் கோர்ட்டு உத்தரவிடலாகாது. வீட்டைப் பாழ்படுத்தினார், அண்டை அயலாருக்குத் தொல்லையானார், வீட்டுக்காரருக்கே குடியிருக்க வீடு தேவை என்பன போன்ற காரணங்கள் இருந்தாலன்றி. 'குடக்கூலி கொடுத்தால் இருக்கலாம். போகச் சொன்னால் காரணம் சொல்' என்ற கொள்கை இங்குதான் சட்டத்தில் ஏறியது. போரும் அதற்குப் பின் ஆறு மாதமும் மட்டுமே நடப்பிலிருக்கும் என்று சொல்லி இயற்றிய சட்டம் அது. கொள்கையோ பல பத்தாண்டுகள் பல நாடுகளில் வாழ்ந்தது. மேரி பார்பர் 1920-இல் கிளாஸ்கோ நகரசபை உறுப்பினரானார். அவருக்குக் கோவனில் சிலை எழுப்பியது 2018-இல்; நகரம் நன்றி செலுத்த ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு ஆயிற்று.

போர்க்கால நெருக்கடி நம் துறைமுக நகரங்களையும் வருத்தியது. பம்பாயில் 1918-இலும், கல்கத்தாவிலும் நம்மவர் பலர் வாழ்ந்த ரங்கூனிலும் 1920-இலும் குடக்கூலிச் சட்டங்கள் வந்தன. சென்னை அப்போது வேறொரு வழியிற் சென்றது. வெறும் மனையை வாடகைக்கு எடுத்து, அதில் தம் செலவில் குடிசையோ ஓட்டு வீடோ கட்டிக்கொண்டவர்கள் இங்கு மிகுதி. மனைக்காரர் போகச் சொன்னால் கட்டிய வீட்டை என்ன செய்வது? இவர்களைக் காக்கச் சென்னை நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டம் 1921-இல் இயற்றப்பட்டது. கட்டடத்துக்கு ஈடு கொடாமல் வெளியேற்ற முடியாது. கோர்ட்டு குறிக்கும் விலைக்கு மனையையே வாங்கிக்கொள்ளும்படி கேட்கவும் குடியிருப்பவருக்கு உரிமை உண்டு. இது நம் ஊருக்கே உரிய ஏற்பாடு. ஆயினும் நான் பேச வந்தது மனையைப் பற்றி அன்று, வீட்டைப் பற்றி.

வீட்டுக்குச் சட்டம் வர இரண்டாம் உலகப் போர் வர வேண்டியிருந்தது. 1941-இல் இந்தியப் பாதுகாப்பு விதிகளின் கீழ்ச் சென்னை அரசு வீட்டு வாடகைக் கட்டுப்பாட்டு ஆணையைப் பிறப்பித்தது. அடுத்த ஆண்டில் ஒரு விசித்திரம் நேர்ந்தது. 1942 ஏப்ரலில் ஜப்பானியர் படையெடுத்து வருவர் என்ற அச்சத்தால் மக்கள் கூட்டங் கூட்டமாக நகரத்தை விட்டு ஓடினர். வீதிகள் வெறிச்சோடின. வீட்டைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள் இருந்தால் போதும், குடக்கூலியே வேண்டாம் என்று சொன்ன வீட்டுக்காரர்கள் உண்டு என்று என் பாட்டனார் கூறக் கேட்டிருக்கிறேன். அச்சம் தணிந்தது, ஓடியவர்கள் திரும்பினர், அவர்களோடு புதியவர்களும் வந்தனர். 1941-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் சென்னையின் மக்கள் தொகை 7 லட்சத்து 77 ஆயிரம். 1951-இல் 14 லட்சத்து 16 ஆயிரம். இடையில் நகர எல்லை விரிந்தது ஒரு காரணமேயாயினும், உள்ள வீடுகளுக்குள் அடைந்த மக்களின் பெருக்கமே பெரிது. ஒரு வீட்டில் ஒரு குடும்பம் இருந்த நிலை போய், ஒரு கிணற்றையும் ஒரு குழாயையும் ஏழெட்டுக் குடும்பங்கள் பகிர்ந்துகொள்ளும் ஒண்டுக் குடித்தனம் வழக்கமாயிற்று.

போர்க்கால விதிகள் முடிவுற்றபோது, 1946-இல் சென்னைக் கட்டடங்கள் குத்தகை, வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. 1949-இல் அதன் இடத்தில் வேறொரு சட்டம் வந்தது. 1960-இல் இயற்றிய 18-ஆவது சட்டமே நெடுங்காலம் நிலைத்தது. என் தந்தையாரின் மணியார்டருக்கு உயிர் கொடுத்ததும் அதுவே.

இனி அந்த மணியார்டர்களுக்கு வருவோம். திருவல்லிக்கேணியில் அத்தகைய ஒண்டுக் குடித்தனம் ஒன்றில் நாங்கள் இருந்தோம். தந்தையார் ஓர் அச்சகத்தில் எழுத்துக் கோப்பவர். 1969-இல் நான் நான்காம் வகுப்பு மாணவன். வீட்டுக்காரர் எங்கள் பகுதிக்கு 40 ரூபாய் தர ஆயத்தமாயிருந்த ஒருவரைக் கண்டுவிட்டார். ஒரு மாதம் முதல் தேதியன்று தந்தையார் குடக்கூலியை நீட்டியபோது, "அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்" என்றார். அடுத்த மாதமும் அவ்வாறே. தந்தையார் அதை நல்லெண்ணம் என்றே நினைத்தார். அதே வீட்டுப் பின்கட்டில் குடியிருந்த வக்கீல் குமாஸ்தா ஒருவர்தாம் எச்சரித்தார்: "ஐயா, அவர் தவணை தரவில்லை, தவறு உண்டாக்குகிறார். மூன்றாம் மாதம் பாக்கி என்று மனுப் போடுவார்."

குமாஸ்தா கூறியது சட்டத்தின் 10-ஆவது பிரிவு. வெளியேற்றுவதற்கு எந்தக் காரணங்கள் செல்லும் என்பதை அது வரையறுத்திருந்தது. அவற்றில் முதலாவது வாடகை பாக்கி. பேசிய தேதிக்குப் பின் 15 நாளுக்குள், தேதி பேசாதிருந்தால் அடுத்த மாதக் கடைசி நாளுக்குள் செலுத்தாவிட்டால் பாக்கி. ஆனால் அந்தப் பாக்கி வேண்டுமென்றே வைத்ததன்று எனக் கண்டால், வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரி 15 நாளுக்கு மேற்படாத அவகாசம் தந்து, பணம் கட்டியதும் மனுவைத் தள்ளிவிட வேண்டும். இசைவின்றிக் கீழ்வாடகைக்கு விடுதல், குடியிருக்க எடுத்த இடத்தை வேறு காரியத்துக்குப் பயன்படுத்தல், கட்டடத்தின் மதிப்பைக் குலைக்கும் அழிவு செய்தல், அண்டையாருக்குத் தொல்லை தருதல், தக்க காரணமின்றி நான்கு மாதம் பூட்டிப் போடுதல் ஆகியவை மற்றக் காரணங்கள். வீட்டுக்காரருக்குச் சொந்தக் குடியிருப்புக்குத் தேவை என்பது இன்னொன்று. இடித்துக் கட்ட வேண்டும் என்பது 14-ஆவது பிரிவில் கண்ட வேறொன்று. இவற்றில் எதுவும் இல்லையெனில் மனு நிற்காது. கிளாஸ்கோ மணியின் ஓசை இப்பட்டியலில் கேட்கவில்லையா?

பட்டியலுக்குள் காரணம் இல்லாதவர் காரணத்தை உண்டாக்க முயல்வார் என்பதையும் சட்டம் இயற்றியவர்கள் அறிந்திருந்தனர். அதனால் 8-ஆவது பிரிவை எழுதினர். வீட்டுக்காரர் வாடகையை வாங்க மறுத்தால், எந்த வங்கியில் கட்டலாம் என்று பத்து நாளுக்குள் தெரிவிக்கும்படி குடியிருப்பவர் எழுத்து மூலம் கேட்கலாம். பதில் இல்லையேல் மணியார்டரில் அனுப்பலாம். மணியார்டர் என்பது நாம் தபாலாபீசில் கட்டும் பணத்தைத் தபால்காரர் உரியவர் வீட்டுக்கே கொண்டு சென்று கையெழுத்துப் பெற்றுக் கொடுக்கும் முறை. அதையும் மறுத்தால், சட்டப்படி அதற்கென அமைந்த அதிகாரியிடம் பணத்தைக் கட்டிவிடலாம். மணியார்டர் கமிஷனை வாடகையிலேயே கழித்துக்கொள்ளவும் சட்டம் இடம் தந்தது. என் தந்தையார் கழிக்கவில்லை. ஒரு காசு குறைந்தாலும் குறைத்துக் கொடுத்தான் என்ற பேச்சு வரும் என்று முழுத் தொகையையும் அனுப்பினார். கமிஷனைத் தாம் ஏற்றார்.

குமாஸ்தா கூறியபடியே மனு வந்தது. உயர் நீதிமன்ற வளாகத்திலுள்ள சிறு வழக்கு நீதிமன்றத்தில், வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரியாக அமர்ந்த நீதிபதியின் முன் தந்தையார் நின்றார். வேண்டுமென்றே பாக்கி வைத்தார் என்பது குற்றச்சாட்டு. திரும்பி வந்த மணியார்டர் பாரங்களை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தார். மனு தள்ளுபடியாயிற்று. அதற்குப் பின் எட்டு ஆண்டுகள் அதே வீட்டில் இருந்தோம். நான் பள்ளியிறுதி வகுப்பு வரை ஒரே பள்ளியில் படித்தேன். இதை நான் சாதாரணமாகச் சொல்கிறேன். ஆசிரியனாகப் பணியாற்றிய காலத்தில், ஆண்டின் நடுவில் வீடு மாறிப் பள்ளி மாறிய பிள்ளைகளைக் கண்டபோதுதான் அதன் விலை எனக்கு விளங்கியது.

இதே சட்டத்தின் மறுபக்கத்தையும் கூற நான் கடமைப்பட்டவன். 1949-ஆம் ஆண்டுச் சட்டத்தில் நியாய வாடகைக்கு அளவுகோல், 1940 ஏப்ரல் முதல் தேதிக்கு முந்திய பன்னிரண்டு மாதத்தில் அப்பகுதியில் வழங்கிய வாடகையே. அரிசி விலையும் கொத்தனார் கூலியும் 1940-இல் நிற்கவில்லை. நின்றது வாடகை. அதை வைத்துச் சுண்ணாம்பு அடிக்கக்கூட முடியாது என்ற வீட்டுக்காரர் சுவரை அப்படியே விட்டார். ஓடு உடைந்தால் குடியிருப்பவர் பானை வைத்தார். சிலர் வீட்டைப் பூட்டியே வைத்தனர். 1973-ஆம் ஆண்டுத் திருத்தம் மனையும் கட்டடமும் சேர்ந்த மொத்த மதிப்பில், குடியிருப்புக்கு ஆண்டுக்கு நூற்றுக்கு 9, மற்றவற்றுக்கு 12 என்று விதித்தது. முன்பணம் ஒரு மாத வாடகைக்கு மேல் வாங்கலாகாது என்று சட்டம் கூறியது. நகரமோ பத்து மாத முன்பணம் என்ற வழக்கத்தைத் தனக்கென ஏற்படுத்திக்கொண்டது. சட்டப் புத்தகமும் தெருவும் இவ்வளவு தூரம் விலகி நடந்ததற்கு வேறு எடுத்துக்காட்டுத் தேட வேண்டியதில்லை.

எல்லாவற்றினும் பெரிய குறை காலம். என் சொந்த அனுபவத்தையே கூறுகிறேன். செங்கற்பட்டில் கடன் வாங்கி ஒரு சிறு வீடு கட்டினேன். வெளியூர்ப் பள்ளிக்கு மாற்றலாகவே, அதை ஒரு மருந்துக்கடைக் கணக்கருக்கு வாடகைக்கு விட்டேன். 1996-இல் மீண்டும் செங்கற்பட்டுக்கு வந்தேன். முதிய தாயாருடன் நான் குடியேறியது வேறொருவர் வீட்டில், வாடகைக்கு! என் வீட்டில் கணக்கர் இருந்தார். அவர் 600 ரூபாய் கொடுத்தார். நான் குடியிருந்த வீட்டுக்கு 1,400 ரூபாய் கொடுத்தேன். காலி செய்யுமாறு கேட்டேன். மூன்று பிள்ளைகளோடு எங்கே போவேன் என்றார். மாவட்ட முன்சீப் முன் மனுப் போட்டேன்.

கூண்டில் ஏறி நின்றபோது எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்டார்: அதே ஊரில் வேறு வீடு உண்டா? மெய்யாகவே குடியிருக்கத்தானா, கூடுதல் வாடகைக்கு மற்றொருவருக்கு விடவா? எனக்குச் சினம் பொங்கியது. முப்பது ஆண்டு ஆசிரியர் வேலை பார்க்கப் போகிறவனை இப்படியா கேட்பது? வெளியே வந்து ஆற அமர எண்ணியபோது, கேட்கத்தான் வேண்டும் என்று தெரிந்தது. அதைக் கேட்காமல் விட்டிருந்தால் 1969-இல் நாங்கள் தெருவில் நின்றிருப்போம். சொந்தத் தேவை என்று சொல்லி வீட்டைப் பெற்றவர் ஒரு மாதத்துக்குள் தாம் குடியேறாவிட்டால், வெளியேறியவர் திரும்பி வர மனுச் செய்யலாம் என்றும் அச்சட்டம் கூறியிருந்தது. பொய்ச் சத்தியத்துக்கு அவ்வளவு இடமில்லை.

வழக்கு நடக்கும்போது கணக்கர் வாடகையை மணியார்டரில் அனுப்பத் தொடங்கினார். வாங்க வேண்டாம், வாங்கினால் எதிர்த்தரப்பார் ஏதேனும் வாதம் எழுப்புவர் என்று எனக்கு நண்பர் ஒருவர் யோசனை கூறியிருந்தார். தபால்காரர் வாயிலில் நின்று பாரத்தை நீட்டினார். திண்ணையில் அம்மா உட்கார்ந்திருந்தார். அவர் ஒன்றும் சொல்லவில்லை. என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் கையெழுத்திட்டுப் பணத்தைப் பெற்றுக்கொண்டேன். அதன் பிறகு ஒரு மாதமும் மறுக்கவில்லை.

1998-இல் முன்சீப் எனக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு. அதன் மேல் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு. வெளியேற்ற உத்தரவிடும்போது மொத்தம் மூன்று மாதத்துக்கு மேற்படாத அவகாசம் தரலாம் என்பது சட்டத்தின் சொல். நடைமுறையில் ஏழு ஆண்டுகள் சென்றன. 2003-இல் சீராய்வு மனு தள்ளுபடியாகி, ஆறு மாதத்தில் காலி செய்வதாகக் கணக்கர் எழுதிக் கொடுத்து, அவ்வாறே செய்தார். அம்மா 2001-இலேயே காலமாகிவிட்டார். மகன் கட்டிய வீட்டில் அவர் ஓர் இரவும் தங்கவில்லை. கணக்கர் மீது எனக்கு வருத்தமில்லை. அவர் சட்டம் தந்த ஒவ்வொரு படியிலும் ஏறினார். என் தந்தையாரும் ஏறியிருப்பார். படிக்கும் படிக்கும் இடையே ஆண்டுகள் கிடந்ததே குற்றம்.

இந்தக் காலத்தில் உச்ச நீதிமன்றமும் நம் மாநிலச் சட்டத்தை வைத்துச் சில முக்கியமான தீர்ப்புகளை வழங்கியது. இச்சட்டப்படி வெளியேற்ற மனுப் போடுபவர் 1882-ஆம் ஆண்டுச் சட்டத்தின் பழைய 15 நாள் அறிவிப்பை முன்னதாகக் கொடுக்க வேண்டியதில்லை என்று 1979-இல் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு முடிவு செய்தது. காரணம் கேட்கும் சட்டமே போதிய காவல் என்பது அதன் கருத்து. 'வேண்டுமென்றே வைத்த பாக்கி' எது என்பதை 1985-இல் ஆராய்ந்தது: வீட்டுக்காரர் அறிவிப்புக் கொடுத்து இரண்டு மாதமாகியும் செலுத்தாதது வேண்டுமென்றே செய்த தவறு, அறிவிப்பே கொடாதபோது, நிலைமையைப் பார்த்து நீதிபதி முடிவு செய்ய வேண்டும். மாத வாடகை 400 ரூபாய்க்கு மேற்பட்ட குடியிருப்புகளுக்குப் பாதுகாப்பு இல்லை என்ற விதியை 1986-இல் செல்லாததாக்கியது. விலைவாசி உயர்ந்த காலத்தில் 400 ரூபாய் கொடுப்பவரைச் செல்வர் என்று ஒதுக்குவது சமத்துவம் ஆகாது என்பது இதன் சாரம்.

1960-ஆம் ஆண்டுச் சட்டம் ஏறத்தாழ அறுபது ஆண்டு வாழ்ந்து மறைந்தது. அதன் இடத்தில் 2017-இல் இயற்றிய தமிழ்நாடு சொத்து உரிமையாளர்கள் மற்றும் வாடகைதாரர்களின் உரிமைகள், பொறுப்புகள் முறைப்படுத்தும் சட்டம் 2019 பிப்ரவரி 22-ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. வாடகை இருவரும் பேசி எழுதிக்கொள்ளும் ஒப்பந்தப்படி. நியாய வாடகை என்ற பழைய கணக்கு இல்லை. ஒப்பந்தத்தை எழுத்து மூலம் செய்து, வாடகை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும். தகராறுகளுக்கு வாடகை நீதிமன்றமும் அதற்கு மேல் தீர்ப்பாயமும் உண்டு. வெளியேற்றக் காரணம் வேண்டும் என்ற கொள்கையை இச்சட்டமும் கைவிடவில்லை. ஆனால் ஒப்பந்தக் காலம் என்ற ஒன்றை முன்னே நிறுத்தியிருக்கிறது. வாங்க மறுத்த வாடகையை அதிகாரியிடம் கட்டும் வழியும், தண்ணீர், மின்சாரம் முதலியவற்றை நிறுத்தித் தொல்லை தரலாகாது என்ற தடையும் இதிலும் இடம் பெற்றுள்ளன.

அண்மையில் எங்கள் தெருவில் புதிதாகக் குடிவந்த இளைஞர் ஒருவர் தம் ஒப்பந்தத்தைக் கொணர்ந்து, ஐயா இதைப் படித்துப் பாருங்கள் என்றார். பதினொரு மாதத்துக்கு எழுதியிருந்தது. பதிவு எண் இல்லை. பதிவு செய்தீர்களா என்றேன். வீட்டுக்காரர் அதெல்லாம் வேண்டாம் என்றுவிட்டார் என்றார். வாடகையை எப்படிக் கொடுக்கிறீர்கள் என்றேன். ரொக்கமாக, ரசீது இல்லாமல் என்றார். இனிமேல் வங்கி வழியாகவே அனுப்பும்படியும், வங்கி தரும் தாளை மாதா மாதம் எடுத்துக் கட்டி வைக்கும்படியும் சொல்லி அனுப்பினேன். புதிய சட்டம் வருமுன் தொடுத்த மனுக்களோ பழைய சட்டப்படியே நடந்து முடியும் என்று 2017-ஆம் ஆண்டுச் சட்டம் விதித்திருப்பதால், 10-ஆவது பிரிவும் 8-ஆவது பிரிவும் கோர்ட்டுத் தாழ்வாரங்களை விட்டு ஒரே நாளில் போய்விடவில்லை.